மையவாடிப் பலகை

சுபஹுத் தொழுகை முடிந்து வீடு திரும்பும் வழியிலேயே முத்தலிப் ஹாஜியாருக்குச் செய்தி கிடைத்துவிட்டது. ஆசியா உம்மா மௌத்தாகிவிட்டார். கூடப் பிறந்த ராத்தா, மூத்த சகோதரி. எண்பது கடந்தவர், கொஞ்ச நாளாகக் கஞ்சித் தண்ணீரில்தான் உயிர் நின்றது. எல்லாரும் எதிர்பார்த்ததுதான். இருந்தாலும் ஹாஜியார் நின்ற இடத்திலேயே சற்று நேரம் நின்றார். "இன்னா லில்லாஹி" என்று வாய்க்குள் சொன்னார். அதற்குப் பிறகு அவருக்கு வந்த முதல் யோசனை பலகையைப் பற்றியது.

அதில் குறை காண எதுவுமில்லை. காத்தான்குடியில் வாவிக்கரையை ஒட்டிய அந்த மஹல்லாவில் யார் மௌத்தானாலும் முதலில் அசைவது மரம் அரிந்து விற்கும் முத்தலிப் குடும்பத்து மரக்காலைதான். கபுறு வெட்ட மண்வெட்டி இறங்குமுன் பலகை மையவாடிக்குப் போய்ச் சேர்ந்திருக்க வேண்டும். குடும்பத்து ஆண் ஒருவன்தான் அதைத் தோளில் சுமக்க வேண்டும். கூலியாள் தொடக் கூடாது. மௌத்து வீட்டார் வந்து கேட்கும்படி வைத்துக்கொள்ளக் கூடாது. மீன்கூடை சுமந்தவருக்கும் கொழும்பில் நான்கு கடை வைத்திருந்தவருக்கும் ஒரே பலகை. இதெல்லாம் அவருடைய வாப்பா போட்ட சட்டம். வாப்பா போய் நெடுங்காலம் ஆகியும் ஒரு தடவைகூடத் தவறியதில்லை.

அந்த மையவாடி முழுக்க மணல். மய்யித்தைக் கிடத்திய குழிக்கு மேலே பலகைகளைக் குறுக்காக அடுக்கி, பன்பாயை விரித்து, அதன் மேல்தான் மண் தள்ளுவார்கள். முன்பெல்லாம் கிடைத்த பலகையைப் போட்டார்கள். மணலுக்குள் கறையான் சும்மா இருக்குமா? ஒரு மாரியில் வாவி ஏறி மையவாடிக்குள் தண்ணீர் புகுந்தபோது கபுறுகள் பல அப்படியே உள்ளே இறங்கிவிட்டன. அன்று அதைக் கண்டவர்கள் பிறகு அதைப் பற்றி வாய் திறக்கவில்லை, பேசக்கூடிய காட்சியல்ல. அந்த மாரி கழிந்த கையோடு வாப்பா மரக்காலையில் ஓர் இரும்புத் தொட்டி வைத்தார். செம்பும் குரோமியமும் ஆசனிக் நஞ்சும் கலந்த மருந்தை அழுத்தம் கொடுத்து மரத்தின் உள்ளே ஏற்றும் தொட்டி. அதற்குள் போன மரம் இலேசான பச்சை நிறத்தோடு வெளியே வரும். கறையான் கிட்டே வராது. உப்புத் தண்ணீரில் கிடந்தாலும் உக்காது, மக்காது. ஊர் அதற்குப் பச்சைப் பலகை என்று பெயர் வைத்தது. அந்தப் பெயரோடு சேர்ந்துதான் குடும்பத்தின் பெயரும் நின்றது.

ஒரே ஒரு முறை அந்த வழக்கத்துக்குள் வேறொருவர் கை நீட்டப் பார்த்தார். ஜமாஅத் கூட்டத்தில் பெருந்தெரு மரவியாபாரி அப்துல் மஜீத் எழும்பி, "இந்த நன்மையில எங்களுக்கும் ஒரு பங்கு தாங்களன், பாதிப் பலகைய நான் தாறன்" என்று கேட்டார். முத்தலிப் ஹாஜியார் எழுந்து நின்றார். "எங்கட குடும்பத்துல ஆம்புள இரிக்கிற வரைக்கும் இன்னொருத்தன்ட பலகை இந்த மையவாடி வாசல் தாண்டாது" என்றார். அதோடு பேச்சு முடிந்தது. மஜீத் அதற்குப் பிறகு வழியில் கண்டால் ஸலாம் சொல்வார், நின்று பேச மாட்டார்.

வீட்டுக்குள் நுழைந்த ஹாஜியார் ஆணியில் தொங்கிய சாவியை எடுத்தார். மையவாடிக்குள் இருக்கும் பலகைக் கொட்டிலின் சாவி அது. கைலியைச் சரிசெய்துகொண்டு திரும்பியபோது மூத்த மகன் இஷாம் வாசலில் நின்றான். மரக்காலை இப்போது அவன் கையில்.

"மாமிட செய்தி வந்திச்சி, வாப்பா."

"ஓம். வா, பலகை எடுப்பம்."

இஷாம் அசையவில்லை. "கொட்டிலுக்குள்ள இரிக்கிறது பச்சைப் பலகை."

"வேற என்ன இரிக்கும்? கருவாடா?"

"வாப்பா, நமக்குத்தான் அதத் தொடக் கூடாதெண்டு சொல்லியிரிக்கே."

சொல்லியிருந்தார்கள்தான். சென்ற வருடம் ஆசனிக் கலந்த மரமருந்துக்குக் கட்டுப்பாடு வந்தது. அந்த மரத்தை வீட்டுப் பாவனைக்கு விற்கக் கூடாது, துண்டுக்கட்டையைக்கூட அடுப்பில் வைக்கக் கூடாது, கிணறு உள்ள இடத்தில் மண்ணுக்குள் புதைக்கவே கூடாது. அதிகாரிகள் வந்து தொட்டியை முத்திரை வைத்துப் பூட்டினார்கள். மிச்சமிருந்த மரத்தின் முனைகளில் சிவப்பு மை பூசி, ஒதுக்கி அடுக்கி, மழை படாமல் மூடி வைக்கச் சொன்னார்கள். லொறியோடு வந்து ஏற்றிப் போவதாகச் சொன்னார்கள், இன்னும் வரவில்லை.

இஷாம் போரன் கலந்த வெள்ளை மருந்துக்கு மாறிக்கொண்டான். கதவு, கட்டில், பாடசாலை மேசை எல்லாவற்றுக்கும் அது போதும். கறையானும் வண்டும் அண்டாது, வேலையாளின் கைக்கும் கெடுதியில்லை. ஆனால் நனைந்தால் கரைந்து போய்விடும். ஆகவே வாவிக்குள் நடும் கட்டை கேட்டு வருகிறவர்களுக்கு வைரம் ஏறிய பனையோ முதிரையோ தேடிக் கொடுத்தான். அதுவும் கிடைக்காவிட்டால் சீமெந்துத் தூண் செய்கிறவரிடம் கைகாட்டினான். வியாபாரம் மெலிந்தது, நிற்கவில்லை.

அதிகாரிகள் வந்த அன்று மரக்காலையில் கிடந்த ஒவ்வொரு கட்டையையும் புரட்டிப் பார்த்தார்கள். மையவாடிக் கொட்டிலுக்குள் அடுக்கியிருந்ததைப் பற்றி ஹாஜியாரும் சொல்லவில்லை, இஷாமும் சொல்லவில்லை. மறைத்தார்கள் என்று யாரும் சொல்ல முடியாது. அது வியாபாரமல்ல, நன்மைக்குச் செய்யும் ஸதகா. விற்கிறவனுக்குத்தானே சட்டம் என்று இருவரும் நினைத்தார்கள். மஹல்லாவில் யாரைக் கேட்டிருந்தாலும் அப்படித்தான் சொல்லியிருப்பார்கள். அதற்குப் பிறகு நடந்த அடக்கங்களுக்கும் பச்சைப் பலகையே போனது. இஷாம்தான் சுமந்தான். ஒவ்வொரு தடவையும் அவன் முகம் சுருங்கியதை ஹாஜியார் கண்டும் காணாதவர்போல் இருந்தார்.

"மாமிக்கு எண்டாலும் அத விட்டிருவம், வாப்பா" என்றான் இஷாம்.

"மாமிக்கு எண்டாலும்?" ஹாஜியாரின் குரல் உயரவில்லை. "போன மாசம் கச்சான் கடலை விக்கிற சுலைமான்ட மய்யித்துக்கு எதப் போட்ட?"

"பச்சைதான்."

"அப்ப ஊராருக்கு ஒண்டு, நம்மட வீட்டுக்கு ஒண்டா? எந்த முகத்தோட, மகன், மய்யித்துச் சந்தூக்குக்குப் பின்னால நடக்குற?"

ஹாஜியார் சாவியைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டு, முதலில் ராத்தாவைப் பார்த்துவிட்டு வருவோம் என்று நடந்தார்.

ஆசியா உம்மாவின் வீடு மையவாடியை ஒட்டிய வளவில் இருந்தது. கலியாணத்தின்போது வாப்பா கட்டிக் கொடுத்த வீடு. பின்மதிலுக்கு அந்தப் பக்கம் கபுறுகள், இந்தப் பக்கம் கிணறு. கிணற்றையும் வாப்பாதான் கட்டிக் கொடுத்தார். "எண்ட மகள் தண்ணிக்கு ஒருத்தன்ட வாசலுக்கும் போகக் கூடாது" என்று சொல்லித்தான் கட்டினார். இப்போது அந்த வீட்டில் இருப்பவள் ஆசியா உம்மாவின் ஒரே மகள் நஸீபா. அவளுடைய கணவர் கட்டாரில் வேலை. பிற்பகல் அஸர் தொழுகையோடு அடக்கவேண்டிய மய்யித்துக்கு அவரால் வந்துசேர முடியாது.

முற்றத்தில் தறப்பாள் கட்டி வாடகைக் கதிரைகள் போட்டிருந்தார்கள். ஹாஜியார் உள்ளே போய் ராத்தாவின் முகத்தைப் பார்த்தார். சின்ன வயதில் வாவியில் இறால் வடித்ததற்கு அடி வாங்கித் தந்த ராத்தா. முகம் சிறுத்துப் போயிருந்தது. துஆ ஓதிவிட்டு எழும்பியபோது முழங்கால் பிடித்துக்கொண்டது. சுவரைப் பிடித்து நின்றார். யாரும் கை கொடுக்க வரவில்லை. அவருக்குக் கை கொடுத்தால் கோபம் வரும் என்று எல்லாருக்கும் தெரியும்.

"மாமா, பின்னுக்கு ஒருக்கா வாங்களன்" என்றாள் நஸீபா. அழுது ஓய்ந்த குரல்.

கிணற்றடிக்குப் போனார்கள். கிணற்றின் வாயைத் தகரம் போட்டு மூடி, அதன் மேல் கல் வைத்திருந்தார்கள். வெகுநாளாக அப்படித்தான் கிடக்கிறது. குசினியிலிருந்து ஒரு நீல நிறக் குழாய் குளிப்பாட்டும் இடத்துக்கு நீண்டிருந்தது.

"உம்மாவக் குளிப்பாட்டப் பைப்புத் தண்ணி எடுக்கச் சொல்லிட்டன்" என்றாள்.

"ஏன்? அவ காலம் முழுக்க அள்ளின தண்ணி இரிக்கே. தகரத்தத் தூக்கினாப் போதும்."

"தூக்க ஏலாது, மாமா. போன மாரிக்கு முந்தி சுகாதாரக் கந்தோரால அதிகாரிமார் வந்து இந்த வரிசைக் கிணத்துத் தண்ணியெல்லாம் எடுத்துப் போனாங்க. எங்கட தண்ணியில ஆசனிக் கூடவாம். குடிக்கவும் வேணாம், ஆக்கவும் வேணாம் எண்டாங்க."

ஹாஜியார் தகரத்தையே பார்த்தார். "நுளம்பு முட்டையிடாமலுக்கு எண்டுதானே சொன்ன?"

"நீங்க நுளம்புக்கா புள்ள எண்டு கேட்டீங்க. நான் ஓம் எண்டன்."

"என்னட்ட மறைச்சிட்ட."

"ஊருக்கே சொல்லல்ல, மாமா. சொன்னா என்ன கதை வரும்? மையவாடிக்குப் பக்கத்துக் கிணத்துல நஞ்சு எண்டு வரும். அந்தக் கதைய நாமளே எழுப்பி விடுறதா?"

அவள் அதற்கு மேல் விளக்க வேண்டியிருக்கவில்லை. கொரோனாக் காலத்தில், மய்யித்தை அடக்கினால் நிலத்தடி நீர் நஞ்சாகும் என்று சொல்லி எரித்தார்கள். எத்தனையோ குடும்பங்களுக்குக் கபுறில்லாமல் போயிற்று. பிறகு ஓட்டமாவடியில் ஒதுக்கிடத்தில் அடக்க விட்டார்கள். அதற்கும் பிறகு, செய்தது பிழை என்று அரசாங்கமே ஒப்புக்கொண்டது. ஆனால் அந்த நாட்களில் ஒவ்வொரு தொழுகையிலும் ஹாஜியார் கேட்ட துஆ ஒன்றே ஒன்றுதான்: என்னை மண்ணுக்குக் கொடு. அப்படி இருந்த ஊரில், மையவாடிக்குப் பக்கத்துத் தண்ணீரைப் பற்றி யார் வாய் திறப்பார்கள்? நஸீபா வாயை மூடிக்கொண்டு கிணற்றையும் மூடினாள். அவளும் இந்தக் குடும்பத்துப் பெண்தானே.

"பலகையாலதான் எண்டு சொன்னாங்களா?" என்று கேட்டார் ஹாஜியார்.

"சொல்லல்ல. இல்லையெண்டும் சொல்லல்ல."

"ம்."

"உம்மாக்கு அந்தப் பலகை வேணாம், மாமா. நான் சொல்லுறதில்ல இது. அவட வஸிய்யத்து, கடைசி விருப்பம். 'வாப்பா தந்த வீட்டுல இருந்திட்டன், வாப்பா தந்த கிணத்துல குடிச்சிட்டன், அவ்வளவு காணும். தம்பிட்டச் சொல்லு, எனக்கு மேல உக்கிப் போற பலகையாப் போடச் சொல்லி' எண்டவ."

"எப்ப சொன்னவ?"

"தண்ணிய மூடின அண்டே. உங்கட்ட அப்ப சொல்ல வேணாமெண்டும் சொன்னவ. தம்பிக்கு நோகும் எண்டு."

ஹாஜியார் "பாப்பம்" என்று மட்டும் முணுமுணுத்துவிட்டு, மதிலோரக் கதவைத் திறந்து மையவாடிக்குள் இறங்கினார்.

வெயில் ஏறத் தொடங்கியிருந்தது. ஆசியா உம்மாவின் கணவர் அடங்கியிருக்கும் இடத்துக்குப் பக்கத்தில் உசனார் கபுறு வெட்டிக்கொண்டிருந்தார். இடுப்பளவு ஆழத்தில் நின்றவர் ஹாஜியாரைக் கண்டதும் மண்வெட்டியை ஊன்றி நிமிர்ந்தார்.

"என்ன ஹாஜியார், நான் எறங்கிட்டன், பலகை இன்னும் வரல்ல? உலகம் அழியப் போகுதோ?"

வேடிக்கையாகத்தான் சொன்னார். ஆனால் அது உண்மை. பலகைக்கு முன் மண்வெட்டி இறங்கியது அதுதான் முதல் தடவை. அதுவும் அவர்கள் வீட்டு மய்யித்துக்கு.

"வரும்" என்றார் ஹாஜியார்.

"அது கிடக்கட்டும், இதப் பாருங்க." உசனார் குழியின் ஓரத்து மணலைக் கையால் தட்டினார். பக்கத்துக் கபுறிலிருந்து ஒரு பலகையின் முனை இந்தக் குழிக்குள் நீட்டிக்கொண்டிருந்தது. ஆட்டி இழுத்தார், மணல் சரிய, முழுப் பலகையும் வந்தது. "உங்கட மச்சான்ட பலகை! எத்தின வருஷம்! நேத்து அரிஞ்சது மாதிரி இரிக்கி. கறையான் வந்து எட்டிப் பாத்திட்டு ஸலாம் சொல்லிட்டுப் போயிரிக்கும்."

இப்படிப் பழைய பலகை எழும்பும்போதெல்லாம் உசனார் இதைத்தான் சொல்வார். கேட்டு நிற்கும் ஹாஜியாருக்கு நெஞ்சு நிமிரும். அன்று அவர் குனிந்து பலகையை வாங்கினார். மணலைத் துடைத்தார். பச்சை இன்னும் போகவில்லை. விரலால் தட்டினார், கணீரென்றது.

மச்சான் நல்ல மனிதன். வாட்டசாட்டமான ஆள், சிரித்தால் தெருமுனைக்குக் கேட்கும். அவனில் இப்போது ஒன்றும் மிஞ்சியிருக்காது. மண் எடுத்துக்கொண்டிருக்கும், எடுக்கத்தானே கொடுத்தோம். பலகையை மட்டும் மண்ணால் எடுக்க முடியவில்லை. அதில் ஏற்றிய மருந்து அதற்குள்ளேயே முழுக்க இருக்கிறதா, மழையோடு கொஞ்சம் கொஞ்சமாக இறங்கிப் போயிற்றா என்று தட்டிப் பார்த்துச் சொல்ல அவருக்குத் தெரியாது. தலையைத் தூக்கினார். மதிலுக்கு மேலால் நஸீபாவின் கிணற்றுக் கப்பித் தூண் தெரிந்தது. எவ்வளவு கிட்ட இருக்கிறது என்று அவர் இதுவரை கவனித்ததில்லை.

மண் அமரும் வரைக்கும் பலகை நின்றால் போதும்; ஒரு மாரி கண்டால் போதும். மரத்தோடு பிறந்து வளர்ந்தவருக்கு அது தெரியாததல்ல. அதற்குப் பிறகும் உக்காமல் கிடப்பது மய்யித்துக்காக அல்ல, குடும்பத்தின் பெயருக்காக. அந்த நினைப்பு வந்ததும் அவருக்குக் களைப்பாக இருந்தது. கோபம் வந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். வந்தது களைப்புத்தான், பழைய, எலும்புக்குள் இருக்கும் களைப்பு.

"வழமை போல இதையும் மேல போட்டிருவமா, ஹாஜியார்?"

"போடாத. வெளியில எடுத்து வை. வேற ஏதும் எழும்பினா அதையும் எடுத்து வை."

உசனார் ஏதோ கேட்க வாயெடுத்து, அவருடைய முகத்தைப் பார்த்துவிட்டு, மறுபடி மண்வெட்டியைத் தூக்கினார்.

வாசலில் இஷாம் மோட்டார் சைக்கிளோடு நின்றான். "எங்க, வாப்பா?"

"மஜீத்ட மரக்காலைக்கு."

இஷாம் திகைத்துப் போனான். "நான் போய்க் கேட்டுட்டு வாறன். நீங்க வேணாம்."

"சொன்ன வாய் எண்ட வாய். நீ போனா அது கேட்டதாகாது." பின்னால் ஏறி உட்காரவும் மறுத்துவிட்டார். வெயிலில் பெருந்தெரு வரைக்கும் நடந்தார். இஷாம் மோட்டார் சைக்கிளை உருட்டிக்கொண்டு பின்னால் வந்தான்.

அப்துல் மஜீத் பெனியனோடு நின்று ஒரு மரத்துக்கு அளவு நாடா பிடித்துக்கொண்டிருந்தார். ஹாஜியார் உள்ளே வருவதைக் கண்டதும் அரியும் மெசினை நிறுத்தச் சொன்னார்.

"ராத்தாட செய்தி கேட்டன். அஸருக்கு வாறன், இன்ஷா அல்லாஹ்."

"மஜீத், பலகை வேணும்."

"என்ன பலகை?"

"மய்யித்துப் பலகை. மருந்து ஏறாதது."

மஜீத் நாடாவை மெதுவாகச் சுருட்டினார். "உங்கட மரக்காலையில இல்லாத பலகையா?"

"எங்கட்ட மருந்து படாத பலகை ஒண்டுமில்ல. ஒண்டு பழைய பச்சை, இல்லாட்டி இவன்ட வெள்ளை. வெள்ளையில கெடுதி இல்லையாம், எண்டாலும் மண்ணுக்குள்ள கரையும். கரையிற சாமான் ஒண்டும் அந்த மண்ணுக்கு இனி வேணாம்."

"சரி." மஜீத் நாடாவைப் பைக்குள் போட்டார். "ஒரு நாள் ஜமாஅத்துல ஒருத்தர் எழும்பிச் சொன்னாரு, இன்னொருத்தன்ட பலகை வாசல் தாண்டாதெண்டு. அந்த ஆள் இப்ப எங்க இரிக்கிறாரு, ஹாஜியார்?"

"உங்கட முன்னுக்குத்தான் நிக்கிறாரு. கதிரை ஒண்டு போட்டா இருப்பாரு."

இஷாம் தலையைக் குனிந்துகொண்டான். மஜீத் அவரைப் பார்த்தார். பிறகு தானே போய்க் கதிரையைத் தூக்கி வந்து, தோளில் கிடந்த துவாயால் துடைத்துப் போட்டார். ஹாஜியார் உட்கார்ந்தார். முதுகு மட்டும் சாயவில்லை.

"மாம்பலகை இரிக்கி. நல்லாக் காஞ்சது. காணுமா?"

"உக்குமா?"

"என்ன?"

"மண்ணுக்குள்ள சுறுக்கா உக்குமா எண்டு கேட்டன்."

மஜீதுக்கு அடக்க முடியவில்லை, மூக்கால் சிரித்துவிட்டார். "ஆயுசு முழுக்க மரம் விக்கிறன், காக்கா. உக்குமா எண்டு கேட்டு வந்த முதல் ஆள் நீங்கதான்." அண்ணன் முறை வைத்துக் காக்கா என்று அவர் கூப்பிட்டு எத்தனையோ வருடமாயிற்று. "உக்கும். ரெண்டு மாரி தாங்காது. போதுமா?"

"போதும்."

மஜீத் பலகைகளைத் தானே தெரிந்து எடுத்தார். கணு உள்ளதை ஒதுக்கினார். எடுத்து முடிந்ததும் தாழ்ந்த குரலில் சொன்னார்: "ஏன் எண்டு நான் கேக்கல்ல. ஆனா சனம் கேக்கும். அவர்ட ராத்தாக்கு மட்டும் வேற பலகையா எண்டு கேக்கும்."

"கேக்கட்டும்."

"சுமக்குறது ஆரு? உங்கட குடும்பத்து ஆம்புளதானே சுமக்கணும்."

"ஓம். இஷாம் சுமப்பான்."

"பலகை எண்ட குடும்பத்துட" என்றார் மஜீத். ஹாஜியார் பதில் சொல்லுமுன் பெனியனுக்கு மேல் சட்டையை மாட்டிக்கொண்டு வந்து, கட்டின் ஒரு தலைப்பைத் தூக்கித் தன் தோளில் வைத்தார். "மற்றத் தலைப்ப நீ புடி, மகன்."

அஸருக்குப் பிறகு சந்தூக் மையவாடிக்கு வந்தது. ஹாஜியாரும் இஷாமும் குழிக்குள் இறங்கி ஆசியா உம்மாவை வாங்கினார்கள். கனமே இல்லை. வலப்பக்கம் சாய்த்துக் கிடத்தி, கபன் துணியின் முடிச்சை அவிழ்த்து, இஷாம் ஏற, ஹாஜியாரும் சிரமப்பட்டு மேலே ஏறினார்; பலகை அடுக்க உசனார் இறங்கினார். மஜீத் பலகையை எடுத்து நீட்டினார். மஞ்சள் கலந்த வெள்ளைப் பலகை. அதைக் கண்டதும் பின்வரிசையில் ஒரு சலசலப்பு எழுந்தது.

"பச்சைப் பலகை இல்லையா?"

"சொந்தத்துக்கு வேற போல."

"அதுவும் மஜீத் ஹாஜிட பலகை! கூத்தப் பாரு."

ஹாஜியார் திரும்பினார். முழங்காலில் ஒட்டிய மணலைத் தட்டினார். முதுகு தானாக நிமிர்ந்தது.

"ஒளிச்சுப் பேச வேணாம், நானே சொல்லுறன்" என்றார். "பச்சைப் பலகை இனி இந்த வாசலுக்குள்ள வராது. அதுல ஏத்தின மருந்து கூடாதெண்டு சட்டம் வந்து ஒரு வருஷம். வியாபாரத்துக்குத்தான் எண்டு நாங்க இருந்திட்டம். அந்தா, மதிலுக்கு அங்கால, எண்ட வாப்பா வெட்டின கிணறு. அந்தத் தண்ணியில இப்ப ஆசனிக். பலகையாலதான் எண்டு ஆரும் எழுதித் தரல்ல. எனக்கு எழுதித் தரத் தேவையில்ல."

பள்ளிவாசல் நிர்வாகத்து நம்பிக்கையாளர் ஒருவர் அவசரமாக அருகில் வந்தார். "மெல்லப் பேசுங்க, ஹாஜியார். இது வெளியில போனா என்னத்துக்கு ஆகும்? மய்யித்தால தண்ணி நஞ்சாகுது எண்டு திரும்பவும் தொடங்குவாங்க. பட்டது காணாதா?"

"அதுக்குத்தான் சொல்லுறன்." ஹாஜியார் குரலைத் தாழ்த்தவில்லை. "மய்யித்துல நஞ்சில்ல. அத எவ்வளவு கத்திச் சொன்னம்! நஞ்சு இரிக்கிறது பலகையில. அது எங்கட வீட்டுப் பலகை. நாளைக்கு எவனும் வந்து தோண்டிப் பாத்து மய்யித்து மேல பழி போடுறதுக்கு முந்தி, பழி எங்கட வீட்டு மேலயே இரிக்கட்டும். அத நாங்க தாங்குவம். மய்யித்து தாங்காது."

உசனார் குழிக்குள்ளிருந்து, "பலகையத் தாங்க, பொழுது போகுது" என்றார். மஜீத் நீட்ட நீட்ட உசனார் வாங்கி அடுக்கினார். பாய் விரித்தார்கள். ஹாஜியார் முதல் மூன்று பிடி மண்ணைப் போட்டார்.

துஆ முடிந்து கூட்டம் கலையும்போது கச்சான் விற்ற சுலைமானின் மகன் அவருக்கு முன்னால் வந்து நின்றான். போன மாதம் வாப்பாவை அடக்கியவன்.

"எங்கட வாப்பாக்குப் போட்டது?"

"பச்சை."

அவன் மதில் பக்கம் திரும்பிப் பார்த்தான்.

"உங்கட வீட்டுக் கிணறும் மதிலோரந்தானே? தண்ணியப் பாக்கும் வரைக்கும் குடிக்காதீங்க. நாளைக்குக் காலையில நானே கந்தோருக்குப் போறன். மதிலோரத்துக் கிணறு எல்லாத்தையும் பாக்கச் சொல்லுவன், கொட்டில்ல கிடந்ததையும் சொல்லுவன்."

மன்னிப்புக் கேட்கும் வழக்கம் அந்தக் குடும்பத்தில் இல்லை. அவன் அதை எதிர்பார்த்தானோ என்னவோ, கொஞ்சம் நின்று பார்த்துவிட்டு ஸலாம் சொல்லாமலே போனான். ஹாஜியார் அதைக் குறையாக எடுக்கவில்லை. அன்றைக்கு அதுவும் அவருக்குச் சேரவேண்டியதுதான்.

பிறகு கொட்டிலைத் திறந்தார். இஷாம் லேண்ட்மாஸ்டர் என்ற சிறு டிராக்டரின் பெட்டியை வாசலுக்குக் கொண்டுவந்தான். மரக்காலையில் மூடி வைத்திருக்கும் மரத்தோடு இதையும் சேர்த்து வைக்க வேண்டும். இஷாம் கையுறை கொடுத்தான். ஹாஜியார் முணுமுணுத்துக்கொண்டே மாட்டினார். பிளாஸ்டிக் கதிரையில் உட்கார்ந்து ஒவ்வொரு பலகையின் முனையிலும் சிவப்பு மையைப் பூசத் தொடங்கினார். உசனார் வெளியே எடுத்து வைத்த மச்சானின் பலகையையும் விடவில்லை.

"வேலையாள் வந்து பூசுவான், வாப்பா. நீங்க எழும்புங்க."

"இதுவும் மையவாடிப் பலகைதான். கூலியாள் தொடக் கூடாது."

மதிலுக்கு அந்தப் பக்கமிருந்து நஸீபாவின் குரல் கேட்டது. "மாமா, குடிக்கத் தண்ணி தரவா?"

"பைப்புத் தண்ணியா?"

"ஓம்."

"அப்ப தா."

மதிலுக்கு மேலால் வந்த போத்தலை மஜீத் வாங்கிக் கொடுத்தார். அவர் போகவில்லை, பலகைகளை ஒவ்வொன்றாக நகர்த்திக் கொடுத்துக்கொண்டு நின்றார். கடைசிப் பலகையும் வண்டியில் ஏறியபோது கொட்டில் வெறுமையாகக் கிடந்தது. பலகை கிடந்த இடத்தில் மணல் நிறம் மாறியிருந்தது, அல்லது ஹாஜியாருக்கு அப்படித் தெரிந்தது.

அவர் சட்டைப் பையிலிருந்து சாவியை எடுத்து மஜீதிடம் நீட்டினார். "இனி நீ வெச்சிக்க."

மஜீத் கையை நீட்டவில்லை. "ரெண்டு சாவி வெட்டுவம். உங்களுக்கு ஒண்டு, எனக்கு ஒண்டு."

ஹாஜியார் சாவியை உள்ளங்கையில் மடக்கினார். "வேணாம். ரெண்டு பேரும் போனாப் பொறகு எண்ட மகனும் உண்ட மகனும் அதுக்கு வேற சண்டை புடிப்பானுகள். பூட்டே வேணாம். எவனுக்கு விருப்பமோ அவன் பலகை கொண்டு வந்து வைக்கட்டும். உக்குற பலகையா இருந்தாச் சரி."

பூட்டைக் கழற்றிக் கைக்குள் வைத்துக்கொண்டார். வாப்பா கொழும்பிலிருந்து வாங்கி வந்த பித்தளைப் பூட்டு, கனம். கதவு காற்றுக்கு மெல்ல ஆடியது. அதைச் சாத்தி வைக்க ஒரு கல்லைத் தேடி எடுத்து அண்டை கொடுத்தார் மஜீத். வாவிப் பக்கம் வெளிச்சம் இறங்கிக்கொண்டிருந்தது.

தனக்கு யாருடைய பலகை வரும் என்று ஹாஜியாருக்கு ஒரு யோசனை ஓடியது. அதை யோசித்து முடிப்பதற்குள் மஃரிபுக்குப் பாங்கு சொல்லிவிட்டது. பூட்டைச் சட்டைப் பைக்குள் போட்டார். பை ஒரு பக்கமாகத் தொங்கிற்று. எழும்பும்போது முழங்கால் மறுபடி பிடித்துக்கொண்டது. மஜீத் கையை நீட்டினார். ஹாஜியார் அந்தக் கையைப் பார்த்தார், பிறகு பிடித்தார்.